எழுகரையில் அழைப்பு மாதம்

எழுகரை நாட்டில் மாதத்துக்கு இத்தனை நாள் என்று கணக்குக் கிடையாது. சூரியனையோ நிலாவையோ பார்த்து அங்கே யாரும் நாள் குறிப்பதில்லை. ஒவ்வொரு மாதத்துக்கும் ஒரு வேலை உண்டு. நாட்டின் கடைசி வீடு அந்த வேலையை முடிக்கும்போதுதான் மாதம் முடியும். உயரமான பாறைமேல் உட்கார்ந்திருக்கும் மாதங்காணி என்பவள் நாலு திசையும் பார்ப்பாள். எல்லா வீட்டிலும் வேலை ஓய்ந்துவிட்டது என்று கண்டால் முரசை அடிப்பாள். அடுத்த மாதம் பிறக்கும். எங்கோ ஒரு வீட்டில் ஒரு பாத்தி நடாமல் கிடந்தாலும் முரசு வாய் திறக்காது.

இந்த நாட்டை உண்டாக்கியவள் அம்சவள்ளி. உண்டாக்கிய இடம் ரிஷிவந்தியத்துக்குத் தெற்கே ஒரு வேர்க்கடலைக் கொல்லை. உண்டாக்கிய காரணம் எரிச்சல்.

அந்த வருஷம் வைகாசியில்தான் அவளுக்குக் கல்யாணம் ஆகியிருந்தது. அவள் அப்பா செல்லமுத்து குத்தகைக்கு உழுகிறவர். மாப்பிள்ளை தீனதயாளனுக்கு மலையடிவாரத்தில் கச்சிராயபாளையம். கல்வராயன் மலையிலிருந்து புளியும் கடுக்காயும் மரவள்ளியும் கீழே இறக்கும் குட்டியானை வண்டி ஒன்றை ஓட்டிக்கொண்டிருந்தான். ஆடி பிறப்பதற்கு முன்னால் செல்லமுத்து வரிசைத் தட்டோடு போய் மகளை அழைத்து வந்தார். எல்லா வீட்டிலும் நடப்பதுதான். ஆவணி பிறந்ததும் மாப்பிள்ளை வீட்டார் வந்து திரும்ப அழைத்துப் போவார்கள். அதுவும் எல்லா வீட்டிலும் நடப்பதுதான். இந்த வீட்டில் மட்டும் நடக்கவில்லை.

ஆடிக் கடைசியில் தீனதயாளனின் பெரியப்பா செத்துப்போனார். தகவல் போனில் வந்தது. அம்சவள்ளி பழம்புடவை ஒன்றைக் கட்டிக்கொண்டு கிளம்பி நின்றாள். செல்லமுத்து வாசலை மறித்தார்.

"ஆடிக்கு வந்த பொண்ணு நீ. அவங்க வந்து கூப்புடாம அந்த வூட்டு வாசப்படிய மிதிக்கக் கூடாது. அதுவும் சாவுக்குப் போயா மிதிக்கறது? இரு. நான் போயிட்டு வரேன்."

மாலையைத் தூக்கிக்கொண்டு அவர் மட்டும் போனார். பிணத்தின் தலைமாட்டில் உட்கார்ந்திருந்த சம்மந்தி ஆயம்மாள், கட்டியழ மருமகள் வருவாள் என்று இரண்டு கையையும் நீட்டியபடி நிமிர்ந்தாள். எதிரே செல்லமுத்து நின்றார். அந்தக் கை இரண்டும் அப்படியே கொஞ்ச நேரம் நின்றதைப் பார்த்தவர்கள் பார்த்தார்கள்.

அவ்வளவுதான் நடந்தது. சண்டை இல்லை, ஒரு வார்த்தை கூடக் குறைய இல்லை. ஆவணி பிறந்தது. ஆவணி பிறந்தது. சாவுக்கே வராதவளை எந்த முகத்தோடு போய் அழைப்பது என்று ஆயம்மாள் இருந்துவிட்டாள். அழைக்க வராமல் மகளை எப்படி அனுப்புவது என்று செல்லமுத்து இருந்துவிட்டார். இரண்டு பேர் பக்கமும் நியாயம் இருந்தது. இரண்டு நியாயத்துக்கும் நடுவில் அம்சவள்ளி இருந்தாள்.

தீனதயாளன் மட்டும் போன் செய்துகொண்டிருந்தான். கரியாலூர் வளைவில் டயர் வெடித்தது, வெள்ளிமலையில் மழை பிடித்துக்கொண்டது என்று ஊர்க்கதை எல்லாம் சொல்வான். கடைசியில் குரலைத் தணித்துக்கொள்வான்.

"வந்துடேன்."

"வந்து கூப்புடு மாமா, வரேன்."

"அம்மா ஒரு வார்த்த சொல்லட்டும்."

"அப்ப அவங்க சொல்ற வரிக்கும் டயர மாத்திக்கினு இரு."

இந்த நிலையில்தான் அவள் களை வெட்டப் போக ஆரம்பித்தாள். வீட்டில் உட்கார்ந்திருந்தால் வருகிறவர் போகிறவர் எல்லாம் கேட்டார்கள். கொல்லையில் குனிந்திருந்தால் கேட்க மாட்டார்கள் என்று நினைத்தாள். அது தப்புக் கணக்கு. களைக்கொத்தைப் பிடித்த கைக்குத்தான் வேலை. வாய்க்கு ஒன்றும் இல்லை.

"இன்னா அம்சா, ஆவணியும் பாதி போச்சு. எப்ப வந்து கூப்டுக்கினு போறாங்களாம்?" என்று கேட்டாள் சந்தியா. களை செட்டுக்கு அவள்தான் தலைவி. குரல் பக்கத்து ஊர் வரைக்கும் போகும்.

"வருவாங்கக்கா."

"மாசம் போய்க்கினே இருக்குதே."

"எந்த மாசம்? மாசம் போறது எல்லா ஊர்லயும் ஒரே மாதிரியா? எழுகரைன்னு ஒரு நாடு இருக்குது. அங்க எல்லாம் இந்த மாதிரி தானா மாசம் போவாது."

வாயை அடைப்பதற்காகச் சொன்னது. ஆனால் நாலைந்து தலைகள் நிமிர்ந்துவிட்டன. எங்கே இருக்கிறது, எப்படி இருக்கிறது என்று கேட்டார்கள். அம்சவள்ளி எதிரே இருந்ததைப் பார்த்தாள். களை செட்டின் வழக்கம் ஒன்று உண்டு. ஆளுக்கு ஒரு வரிசை. முன்னால் முடித்தவள் வரப்பில் போய் உட்கார மாட்டாள். பின்தங்கியவளின் வரிசையில் எதிர்ப்பக்கத்திலிருந்து கொத்திக்கொண்டு வருவாள். கடைசி வரிசை முடியாமல் யாரும் அடுத்த கொல்லைக்குப் போக முடியாது. அம்சவள்ளி அதை எடுத்து அப்படியே ஒரு நாட்டுக்குப் போட்டாள். அதுதான் எழுகரையின் பஞ்சாங்கம்.

விதையை ஊறப்போடும் ஊறல் மாதத்தில் வருஷம் பிறக்கும். பிறகு நடவு, களை, காவல், அறுப்பு, தூற்றல். அதன் பின் ஒரு வேலையும் செய்யாமல் இருக்கவேண்டிய ஓய்வு மாதம். அந்த மாதம் முடிவதுதான் பெரும் பாடு. நாடு முழுக்க ஒருவரும் ஒரு துரும்பையும் கிள்ளாமல் இருந்தால்தான் முரசு அடிக்கும். யாராவது ஒருத்தி பழக்கதோஷத்தில் எழுந்து வாசலைக் கூட்டிவிடுவாள். மாதங்காணி தலையில் அடித்துக்கொண்டு மறுபடி முதலிலிருந்து உட்காருவாள்.

கடைசியில் அழைப்பு மாதம் என்று ஒன்றையும் முதல் நாளே வைத்துவிட்டாள். கட்டிக்கொடுத்த பெண்கள் தாய்வீடு வருவார்கள். புருஷன் வீட்டார் வந்து அழைத்துப் போவார்கள். கடைசிப் பெண்ணும் போய்ச் சேர்ந்தால் வருஷம் முடியும். கதையில் அது வருவதற்கு இன்னும் எவ்வளவோ இருக்கிறது என்ற தைரியம். அதற்குள் தன்னை யாராவது வந்து அழைத்துப் போயிருப்பார்கள் என்ற எண்ணமும் இருந்திருக்கலாம்.

கொல்லை மாறியது. கடலை போய் மரவள்ளி வந்தது, பிறகு கரும்பு. கதை மாறவில்லை. மந்தன் என்ற சோம்பேறி தன் நிலத்தை நடாமல் கட்டிலில் படுத்துக்கொண்டதால் நடவு மாதம் நகரவே இல்லை. வரி வாங்கும் மாதம் தூற்றல் என்பதால் ராஜா தவித்துப்போனார். கடைசியில் ஊரே திரண்டு போய் மந்தனின் நிலத்தை நட்டது. அவன் கட்டிலை வரப்புக்குத் தூக்கிவரச் சொல்லி, நெருக்கி நடு, தள்ளி நடு என்று படுத்தபடியே மேஸ்திரி வேலை பார்த்தான்.

"அவன் பேரு மந்தன் இல்லடி. பழனி. எங்க வூட்டுக் கட்டில்லதான் படுத்துக்கினு இருக்கறான்" என்றாள் சந்தியா.

செட்டில் இருந்தவர்கள் பஞ்சாங்கத்தைச் சும்மா ஏற்றுக்கொள்ளவில்லை. ஒவ்வொருத்தியும் ஓட்டை தேடினாள். மாதம் இப்படி நின்று நின்று போனால் வயசை எப்படிச் சொல்வார்கள்? எத்தனை நடவு கண்டாய் என்று கேட்பார்கள், என்றாள் அம்சவள்ளி. அப்படியானால் கொஞ்சம் மெதுவாக வேலை பார்த்தால் கிழவியே ஆகாமல் இருக்கலாமே? இருக்கலாம், ராணி அதற்காகவே ஒரு பாத்தியை நடாமல் கமுக்கமாக வைத்திருக்கிறாள். பிள்ளைத்தாச்சிக்குப் பத்து மாசம் எப்படிக் கணக்கு?

"வயித்துக்குள்ள இருக்கறதுக்கு முரசு கேக்காதுக்கா. அது அதும்பாட்டுக்கு வந்துடும்."

"அதான பாத்தேன். மந்தன் நடற வரிக்கும் எவ சொமக்கறது."

சந்தியாவின் தங்கை இசைவாணி திருப்பூரில் பனியன் கம்பெனி ஹாஸ்டலில் இருந்தாள். ஊர்ச் சத்தம் கேட்கவேண்டும் என்று அவள் அடிக்கடி சொன்னதால், சந்தியா போனை ஒரு துணியில் சுற்றி இடுப்பில் செருகிக்கொண்டு கதையை வாய்ஸாக அனுப்ப ஆரம்பித்தாள். நடுவே களைக்கொத்துச் சத்தமும் காக்காய்ச் சத்தமும் சேர்ந்துபோகும். இசைவாணியிடமிருந்து அது ஹாஸ்டலுக்குப் போனது. ஹாஸ்டலிலிருந்து எந்த எந்த ஊர்ப் போனுக்குப் போனது என்று யாருக்கும் தெரியாது. எலவனாசூர்கோட்டையில் ஒரு தையல் கடையில் இந்தக் கதை ஓடியதாகச் சொன்னார்கள். அம்சவள்ளி நம்பவில்லை.

சித்திரை வெயிலில் எழுகரையில் ஓய்வு மாதம் முடிந்தது. முரசு அடித்தது. இனி தள்ளிப்போட வழியில்லை. அழைப்பு மாதம் பிறந்தது.

கதையில் கொன்றை என்றொரு பெண் இருந்தாள். அவளும் தாய்வீடு வந்தாள். எல்லாப் பெண்களும் திரும்பிப் போனார்கள். கொன்றையை அழைக்க யாரும் வரவில்லை. அம்சவள்ளி இதைத் திட்டம் போட்டுச் சொல்லவில்லை. ஒரு நாள் வேலை முடியும் நேரத்தில், அழைக்க வருகிறவர்கள் என்ன உடுத்திக்கொண்டு வருவார்கள் என்று யோசித்தாள், ஒன்றும் தோன்றவில்லை, நாளைக்குச் சொல்கிறேன் என்றாள். மறுநாளும் தோன்றவில்லை.

  சந்தியா மெதுவாக, அவளுக்கு முடிந்த அளவு மெதுவாக, கேட்டாள்.

"ஏண்டி, ஒன் கதைய நீயே சொல்லிக்கினு இருக்கறியா?"

"இல்லக்கா. அந்த ஊரு வேற."

அந்த ஊர் நிஜமாகவே வேறுதான். இங்கே ஒருத்தி திரும்பிப் போகாவிட்டால் அவளுக்கு மட்டும்தான் நஷ்டம். எழுகரையில் ஒருத்தி போகாவிட்டால் ஊறல் மாதமே பிறக்காது. விதைக்கூடையைத் திறக்க முடியாது. மழை வந்து காய்ந்த நிலத்தில் வீணாகப் போகும். நாடு முழுக்கக் கொன்றை வீட்டு வாசலில் வந்து நின்றது. முதலில் பாவம் என்றார்கள். பிறகு பாழாய்ப்போனவள் என்றார்கள். ராஜா ஆள் அனுப்பினார். பெண் வீட்டார், அவர்கள் வந்து அழைக்கட்டும் என்றார்கள். பிள்ளை வீட்டார், அவளுக்கு வழி தெரியாதா என்றார்கள். ராஜாவின் ஆள் நடுவழியில் குதிரையை நிறுத்திக்கொண்டு எந்தப் பக்கம் திரும்புவது என்று தெரியாமல் நின்றான்.

கதை அங்கேயே நின்றுவிட்டது. திருப்பூரிலிருந்து வாய்ஸ் வாய்ஸாக வந்து குவிந்தது. தானே போகட்டும், இதில் என்ன மானம் என்று ஒரு கட்சி. போகவே கூடாது, மாமியார்க்காரி ராங்கிக்காரி, அவள் வந்து காலில் விழட்டும் என்று ஒரு கட்சி. ஹாஸ்டலில் இதனால் இரண்டு அறைக்காரிகள் பேசிக்கொள்வதில்லை என்றாள் இசைவாணி.

வீட்டிலும் ஆடி நெருங்கிக்கொண்டிருந்தது. இரண்டாவது ஆடி. தலை ஆடிக்கு வந்தவள் அடுத்த ஆடிக்கும் அங்கேயே இருக்கிறாள் என்றால் ஊர் என்ன பேசும் என்று செல்லமுத்துவுக்குத் தெரியும். ஒரு நாள் சாப்பிட்டுக் கை கழுவும்போது, மகள் முகத்தைப் பார்க்காமல் சொன்னார்.

"இந்த ஆவணி பொறக்கட்டும். அப்பவும் வரலன்னா பெரியவங்க நாலு பேர வெச்சி அத்து வுட்டுடலாம். வேற எடம் பாத்துக்கலாம்."

 அம்சவள்ளிக்கு வேறு இடம் வேண்டாம். கரியாலூர் வளைவில் டயர் மாற்றுகிறவனே போதும். ஆனால் அதைச் சொல்வதற்கு ஒரு வார்த்தை அந்த வீட்டில் புழக்கத்தில் இல்லை. அன்றிலிருந்து கொல்லையில் கதை சொல்வதையும் நிறுத்திவிட்டாள். யாரும் வற்புறுத்தவில்லை.

ஆடி பாதி கடந்திருந்தது. பகல் கூழ் குடித்துவிட்டு வரப்பில் உட்கார்ந்திருந்தபோது அவள் போன் அடித்தது. தெரியாத நம்பர்.

"நான் ஆயம்மா பேசறேன்."

அம்சவள்ளி எழுந்து நின்றாள். போனில் அது தெரியப்போவதில்லை, ஆனாலும் நின்றாள். ஒரு வருஷத்தில் மாமியாரின் குரலை இப்போதுதான் கேட்கிறாள்.

"சொல்லுங்க அத்த."

"ஒண்ணும் இல்ல. அந்தக் கொன்றைய எப்ப அனுப்பப் போற?"

"எந்தக் கொன்றைங்க அத்த?"

"எந்தக் கொன்றையா? இங்க புளி ஒடைக்கற எடத்துல போன்ல ஒன் கொரலுதான், இதே பேச்சுதான். நாலு பொம்பளைங்க கல்ல வெச்சிக்கினு ஒடைக்கறாளுவ. ஒவ்வொரு புளிக்கும் அந்த மாமியாக்காரிய நெனச்சிக்கினு ஓங்கி ஓங்கிப் போடறாளுவ. கொட்டயெல்லாம் நசுங்கிப் போவுது. நடுவுல நான் உக்காந்துக்கினு இருக்கறேன்."

"அது கதைங்க அத்த."

"கதைதான். நான் இல்லன்னா சொன்னேன்? அந்த மாமியா எதுக்குக் கூப்புட வரல, அத நீ சொல்லவே இல்லியே. சும்மா ராங்கிக்காரின்னு வுட்டுட்டா எப்டி? ஒரு காரணம் இருக்காது?"

"இன்னா காரணங்க அத்த?"

"நீதான கத சொல்றவ, என்னக் கேக்கற." போனில் ஒரு புளி உடையும் சத்தம் வந்தது. "அவ வூட்ல ஒரு சாவு வுழுந்திருக்கும். மருமவ வந்து கட்டியழுவான்னு கைய நீட்டியிருப்பா. சம்மந்தி மட்டும் மாலையத் தூக்கிக்கினு வந்து நின்னிருப்பாரு. நீட்டின கைய அவ எப்டி மடக்கறது? அதயும் கதையில போடு."

அம்சவள்ளி வரப்புப் புல்லைக் கால் விரலால் அழுத்திக்கொண்டிருந்தாள். "அந்த நாட்டுல சாவுக்குன்னு நான் மாசம் வெக்கலைங்க அத்த."

"வெக்கலியா? அப்ப இன்னா பஞ்சாங்கம் அது? சாவு வுழுந்த வூட்ல எவ நாத்து நடுவா, எவ வெதய ஊறப் போடுவா? தீட்டு கழியற வரிக்கும் ஒரு வேலையும் ஆவாது. ஒன் முரசு எப்டி அடிக்கும்? எங்கியோ ஒருத்தன் செத்தா போதும், ஒன் மாசம் அங்கியே படுத்துக்கும். இத்தினி பேரு கேட்டுக்கினு இருக்கறாளுவ, ஒருத்திக்கும் தோணல."

எனக்கும் தோன்றவில்லையே என்று நினைத்துக்கொண்டாள் அம்சவள்ளி. சோம்பேறிக்கு, ராஜாவுக்கு, பிள்ளைத்தாச்சிக்கு எல்லாம் வழி வைத்திருந்தாள். ஒரு வருஷமாக ஒரு சாவிலேயே நின்றுகொண்டிருந்தவள், அதை மட்டும் விட்டுவிட்டிருந்தாள்.

"நான் ஒன்னியக் கூப்புடல, தெரிஞ்சிதா? கதையத்தான் கேட்டேன்" என்றாள் ஆயம்மாள்.

"தெரிஞ்சிதுங்க அத்த."

"ஒன் பெரிய மாமன் போயி, இந்த ஆடிக் கடசியோட வருசம் திரும்புது. அது கதைக்கு இல்ல. சும்மா சொன்னேன்."

போன் நின்றுவிட்டது.

மறுநாள் அம்சவள்ளி வரிசையில் இறங்கியதும் தானாகவே ஆரம்பித்தாள். சந்தியா பதறிப்போய் போனைத் தேடி எடுத்தாள். எழுகரையில் ஒரு சாவு விழுந்தால் அந்த வீட்டு முகட்டில் கறுப்புத் துணி ஒன்றைக் கட்டுவார்கள், என்றாள் அம்சவள்ளி. கறுப்புத் துணி கட்டிய வீட்டை மாதங்காணி பார்க்க மாட்டாள், கண்ணைத் திருப்பிக்கொள்வாள். அந்த வீடு எந்த மாதத்திலும் சேர்த்தி இல்லை. நட்டாலும் நடாவிட்டாலும் ஒன்றுதான். வந்து துக்கம் கேட்கவேண்டியவர்கள் எல்லாரும் கேட்டு முடிந்த பிறகுதான் துணியை அவிழ்ப்பார்கள். வரவேண்டியவர்களில் ஒருத்தி வராவிட்டாலும் துணி அப்படியே கிடக்கும்.

"கொன்றையோட மாமியா வூட்டு மோட்டுல கறுப்புத் துணி கட்டி இருந்துச்சு. ராஜாவோட ஆளு குதிரையில இருந்தே பாத்துட்டுத் திரும்பிட்டான். அவனுக்கு எதுக்குன்னு தெரியல. கொன்றை கேட்டுட்டு அப்டியே உக்காந்துட்டா. நம்மள அவங்க கூப்புடலன்னு இருந்தோமே, நாம இன்னும் துக்கமே கேக்கலியேன்னு."

சந்தியாவின் களைக்கொத்து நின்றது. "துக்கம் கேக்க யாரு கூப்புடுவாங்க? அதுக்குக் கூப்புடாமதான போவணும்."

"அதான்."

"அப்ப அவ போனா பொண்ணு வூட்டுக்கும் கொறச்சல் இல்ல. அவங்களுக்கும் எறங்கிப் போன மாதிரி இல்ல."

"அதான்கா."

"எப்ப போறா?"

"வருசம் திரும்பறதுக்குள்ள."

"எப்டிப் போறா?"

"கள்ளக்குறிச்சியில பஸ் மாறித்தான்" என்றாள் அம்சவள்ளி.

எழுகரையில் பஸ் கிடையாது.  கரும்புத் தோட்டம் முழுக்கச் சிரிப்பு பரவியது. அம்சவள்ளியும் முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு சிரித்தாள். அந்தச் சிரிப்போடு வாய்ஸ் திருப்பூருக்குப் போனது.

வீட்டில் அவள் அப்பாவிடம் சொன்னது ஒரே வாக்கியம். "பெரிய மாமா செத்ததுக்கு நான் இன்னும் துக்கம் கேக்கலப்பா."

செல்லமுத்து துண்டைத் தோள் மாற்றிப் போட்டுக்கொண்டு யோசித்தார். முறையில் எங்கேயாவது இடிக்கிறதா என்று பார்த்தார். ஆடியாயிற்றே என்று தொடங்கினார். துக்கம் கேட்க ஆடி என்ன, ஆவணி என்ன என்று அவரே நிறுத்திக்கொண்டார். அழைக்காமல் போகிறோமே என்று தொடங்கினார்; அதற்கும் அதே பதில்தான். ஒரு வருஷமாக முட்டி நின்ற இடத்தில் ஒரு சந்து இருந்தது அவருக்குக் கொஞ்சம் கோபத்தையே தந்தது.

"வருசம் திரும்பறதுக்குள்ள கேட்டுடறது மொறதான்" என்றார் கடைசியில்.

துக்கத்துக்குப் போகிறவள் பெட்டி எடுத்துப் போக முடியாது. அம்சவள்ளி ஒரு கைப்பை மட்டும் எடுத்துக்கொண்டாள். அதில் போன் சார்ஜரைச் சுருட்டி வைத்ததை அம்மா பார்த்தாள். அரை நாள் காரியத்துக்குச் சார்ஜர் எதற்கு என்று கேட்கவில்லை. அடியில் ஒரு மாற்றுப் புடவையைத் தானே மடித்து வைத்தாள்.

அப்பாவும் மகளும் கச்சிராயபாளையத்தில் இறங்கும்போது மலை மேல் மேகம் கவிந்திருந்தது. வீட்டு வாசலில் புளி குவிந்து கிடந்தது. நாலு பெண்கள் கல்லோடு உட்கார்ந்திருந்தார்கள். வருகிறவளைப் பார்த்ததும் கற்கள் நின்றன. யார் என்று ஒருத்தியும் கேட்கவில்லை. குரலை மட்டும் கேட்டுப் பழகியவர்கள், முகம் இப்படியா இருக்கிறது என்று பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

பஸ் முழுக்க அம்சவள்ளிக்கு ஒரே கவலை, அழுகை வருமா என்று. ஒரு வருஷம் ஆன சாவு. அந்தப் பெரியவரைக் கல்யாணத்துக்குப் பிறகு இரண்டு முறையோ மூன்று முறையோ பார்த்திருக்கிறாள். புளிக் கையோடு ஆயம்மாள் வாசலுக்கு வந்தாள். கையைத் துடைக்கவில்லை. அப்படியே இரண்டு கையையும் நீட்டினாள். அதற்குப் பிறகு அழுகை வருமா வராதா என்று யாரும் யோசிக்க வேண்டியிருக்கவில்லை. இரண்டு பேரும் தோளில் தோள் சாய்த்துச் சத்தமாக அழுதார்கள். பெரியவருக்காக எவ்வளவு, மற்றதற்காக எவ்வளவு என்று பிரித்துப் பார்க்க முடியாத அழுகை. புளி உடைக்கும் பெண்கள் மூக்கைச் சிந்திக்கொண்டார்கள். அம்சவள்ளியின் முதுகில் இரண்டு புளிக் கைகளின் அடையாளம் ஒட்டிக்கொண்டது.

செல்லமுத்து விறைப்பாக ஒரு நாற்காலியில் உட்கார்ந்து, பெரியவர் எப்படிப்பட்ட மனிதர் என்று நாலு வார்த்தை சொன்னார். தண்ணீர் கொடுத்தார்கள், குடித்தார். மழை கம்மியாக இருப்பதைப் பற்றிப் பேசினார்கள். பிறகு அவர் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு எழுந்தார். துக்க வீட்டிலிருந்து கிளம்புகிறவர் போய் வருகிறேன் என்று சொல்லக் கூடாது. அவர் சொல்லவில்லை. யார் முகத்தையும் பார்க்காமல் வாசல் தாண்டி, புளிக்குவியலைச் சுற்றிக்கொண்டு, ரோட்டுப் பக்கம் நடந்தார். மகளையும் அவர் கூப்பிடவில்லை.

அம்சவள்ளி எழுந்திருக்கவில்லை.

கல் சத்தம் மறுபடி ஆரம்பித்தது. ஆயம்மாள் சுவரைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தாள். இரு என்று சொல்லவில்லை. சொல்லியிருந்தால் அது அழைத்ததாக ஆகிவிடும். உள்ளே அடுப்பில் ஏதோ பொங்கி வழியும் வாசம் வந்தது.

"அந்த ஒலைய எறக்கி வெய்யி" என்றாள், சுவரைப் பார்த்துக்கொண்டே.

அம்சவள்ளி எழுந்து உள்ளே போனாள். சாயங்காலம் மலையிலிருந்து வந்த தீனதயாளன் வண்டியை நிறுத்திவிட்டு வாசலிலேயே நின்றான். சமையல் கட்டிலிருந்து கேட்ட பாத்திரச் சத்தம் அம்மாவுடையது இல்லை. அம்மா எதிரே புளி உடைத்துக்கொண்டிருந்தாள்.

"யாரும்மா உள்ள?"

"ஏன், வழி தெரியாதா? போயிப் பாரு."

ஆவணி பிறந்து சில நாள் கழித்துச் சந்தியாவிடமிருந்து வாய்ஸ் வந்தது. பின்னால் களைக்கொத்துச் சத்தம். குரல் புளிக்குவியல் முழுக்கக் கேட்டது.

"ஏண்டி அம்சா, கொன்றை போயிச் சேந்துட்டா, சரி. ஆனா அவள யாரும் கூப்புடவும் இல்ல, யாரும் அனுப்பவும் இல்ல. அப்ப அழைப்பு மாசம் முடிஞ்சிதா, முடியலியா? முரசு அடிச்சிதா, அடிக்கலியா? இங்க ரெண்டு கட்சியா நிக்கறாங்க. திருப்பூர்லயும் சண்ட. பதிலச் சொல்லிட்டு வேலையப் பாரு."

அம்சவள்ளி போனைக் கையில் வைத்துக்கொண்டு யோசித்தாள். எழுகரையின் சட்டப்படி அழைத்தால்தான் அழைப்பு. மாதங்காணி பாறைமேல் முரசுக் கோலைத் தூக்கியபடி, அடிப்பதா வேண்டாமா என்று தெரியாமல் இருப்பாள். அவள் கீழே இறங்கி வந்து யாரையாவது கேட்க வேண்டும். யாரைக் கேட்பாள்?

புளி உடைக்கும் பெண்கள் நாலு பேரும் கல்லை நிறுத்திவிட்டு ஆயம்மாளைப் பார்த்தார்கள்.

"என்ன ஏன் பாக்கறீங்க?" என்றாள் ஆயம்மாள். ஒரு புளியை உடைத்தாள். கொட்டையைத் தனியாக எறிந்தாள். "மோட்டுல இருக்கற துணிய அவுத்தாச்சுன்னு சொல்லு. மழை வந்து வீணாப் போவுது. வெதய ஊறப் போடச் சொல்லு."